வாங்கில் இருந்த 11 வருடங்கள்

பந்துக்காப்பாளரின் கையுறையைத் துவைக்க ஒரு முறை இருக்கிறது. குசினித் தொட்டியில் கை பொறுக்கும் சூட்டில் தண்ணீர் எடுத்து ஊறவிட வேண்டும். உள்ளங்கைப் பக்கத்தில் ஒட்டியிருக்கும் இறப்பர் நுரையைத் தேய்க்கக் கூடாது. பெருவிரலால் அமத்தி அமத்தித்தான் மண்ணை வெளியேற்ற வேண்டும். முறுக்கிப் பிழிந்தால் நுரை கிழிந்துவிடும். துவாயில் சுற்றி ஒத்தியெடுத்து நிழலில் காயப்போட வேண்டும். குளிர்காலத்தில் அவசரத்துக்குக் கீற்றருக்கு மேல் வைத்தால் இரண்டு கிழமைக்குள் வெடித்துவிடும். முதல் சோடியை நான் அப்படித்தான் கெடுத்தேன். ஆட்டத்துக்கு முன்னும் உள்ளங்கையைத் தண்ணீரால் நனைக்க வேண்டும், காய்ந்த நுரையில் பந்து நிற்காது. பத்து வருடத்துக்கு முன் இதை யாராவது எனக்குச் சொல்லியிருந்தால் ஏன் சொல்கிறார்கள் என்றே விளங்கியிருக்காது.

நாங்கள் பேர்னில் இருக்கிறோம். மகளுக்கு 13 வயது. இங்கே பிள்ளைகள் பந்துக்காப்பாளரைக் 'கோலி' என்கிறார்கள். எட்டு வயதில் கழகத்தில் சேர்த்த முதல் நாளே கோலியாக நிற்க விருப்பமானவர்கள் யார் என்று கேட்டபோது கை தூக்கியது இவள் ஒருத்திதான். அன்றிலிருந்து ஒவ்வொரு சனிக்கிழமையும் கோலுக்குப் பின்னால் நின்றுதான் நான் உதைபந்தாட்டம் பார்த்திருக்கிறேன். வலைக்குள்ளால் பார்த்தால் மைதானம் சின்னச் சின்னக் கட்டங்களாகத் தெரியும்.

2025 வசந்தத்தில் ஆட்டங்கள் மறுபடி தொடங்கியபோது கையுறைகள் சுத்தமாகவே வீட்டுக்கு வரத் தொடங்கின. அணிக்குப் புதிதாக ஒரு பிள்ளை வந்திருந்தாள். ஒரு வயது மூத்தவள், உயரமானவள், உயரத்தில் வரும் பந்தை வந்து பறிப்பதில் கெட்டிக்காரி. மகள் இரண்டாவது காப்பாளர் ஆனாள். சில நாட்களில் கடைசிப் பத்து நிமிடம் கிடைக்கும், பல நாட்களில் அதுவும் இல்லை, மைதான ஓரத்து வாங்கில்தான் இருப்பாள். பயிற்றுநரிடம் போய்க் கதைத்தேன். அவர் மரியாதையாகத்தான் பதில் சொன்னார்: ஆயத்தமாக இருப்பதுதான் அவளுடைய வேலை. எனக்கு அது சமாதானமாகவே படவில்லை. இரண்டு கிழமை அந்த மனிதரோடு முகம் கொடுத்துக் கதைக்கவும் இல்லை.

யாழ்ப்பாணத்திலிருந்து அம்மா ஞாயிற்றுக்கிழமைகளில் அழைப்பார்.

"பிள்ளை நேற்று விளையாடினவளோ?"

"இல்லையம்மா, வாங்கிலதான் இருந்தவள்."

"பிறகு ஏன் பிள்ளையை அவ்வளவு தூரம் இழுத்துக்கொண்டு போறாய்?"

எனக்குப் பதில் தெரியவில்லை. பதில் சொன்னது மகள்தான். என் தோளுக்குப் பின்னால் நின்று, எனக்கென்றுதான் சொன்னாள்: "நாடின் அங்கரர் பதினொரு வருசம் வாங்கில இருந்தவ, அம்மா."

நாடின் அங்கரர் யார் என்று எனக்கு அப்போது தெரியாது. சுவிஸ் தேசிய அணியின் பந்துக்காப்பாளர் பயிற்றுநர் என்று மகள் விளக்கினாள். 2024இல், அப்போதைய தலைமைப் பயிற்றுநரான சுவீடன்காரர் பியா சுண்ட்ஹாகேயின் பயிற்சிக் குழுவில் சேர்ந்தவர். ஜேர்மன்காரர். அன்றிரவு தேடி வாசிக்கத் தொடங்கினேன். நிறுத்த முடியவில்லை. அந்தக் கோடை முழுவதும் வாசித்ததும் பழைய ஆட்டங்களைப் பார்த்ததும்தான் இந்தக் கட்டுரை.

அவர் 1978 நவம்பர் 10ஆம் தேதி பவேரியா மாநிலத்தில், மைன் ஆற்றங்கரையில் உள்ள லோர் என்ற சிறிய பட்டணத்தில் பிறந்தார். சிறுவயதில் அவர் முன்வரிசைக்காரி, கோல் அடிப்பவர். ஒரு நாள் அணியின் காப்பாளர் காயப்பட்டு வெளியேற, அந்த இடத்தில் இவர் போய் நின்றார். பார்த்தவர்களுக்கு அவருடைய இடம் அதுதான் என்று பிடிபட்டுவிட்டது. நியூரம்பேர்க், மியூனிக், பிறகு பொட்ஸ்டாம் என்று கழகங்கள் மாறின. ஜேர்மன் தேசிய அணிக்கு முதல் தடவை ஆடியது 1996 ஓகஸ்ட் மாதம், நெதர்லாந்துக்கு எதிராக. அப்போது வயது 17.

அதன் பிறகு தொடங்கியது காத்திருப்பு. ஜேர்மனியின் முதல் காப்பாளர் சில்கே ரொட்டன்பேர்க். அங்கரரை விட ஆறு வயது மூத்தவர். மிகத் தரமானவர், விட்டுக்கொடுக்க எந்தக் காரணமும் இல்லாதவர். 1997, 2001, 2005 ஐரோப்பியக் கிண்ணங்களை ஜேர்மனி வென்றது. 2003இல் உலகக் கிண்ணத்தை வென்றது. சிட்னியிலும் ஏதென்ஸிலும் ஒலிம்பிக் வெண்கலம். இவை அத்தனையிலும் அங்கரர் அணியில் இருந்தார். பெரும்பாலும் வாங்கில். பதக்கங்கள் கழுத்தில் விழுந்தன, கையுறைகள் சுத்தமாக இருந்தன. நட்புறவு ஆட்டங்களில் அவ்வப்போது இடம் கிடைக்கும், பெரிய ஆட்டம் வந்தால் மறுபடி வாங்குதான். வேறு எந்த இடத்தில் ஆடுபவருக்கும் இப்படி ஒரு வாழ்க்கை வாய்ப்பதில்லை. முன்வரிசைக்காரி ஒருத்தி களைத்தால் மாற்றுவார்கள். நடுவரிசையில் இரண்டு மூன்று பேருக்கு இடம் இருக்கும். காப்பாளருக்கு ஒரே ஒரு இடம், அதில் நிற்பவர் களைப்பதும் இல்லை. இரண்டாவது காப்பாளர் உள்ளே போக வேண்டும் என்றால் முதலாமவருக்கு ஏதாவது கெட்டது நடக்க வேண்டும். அப்படி நடக்க வேண்டும் என்று நினைக்காமல், ஆனால் நடந்தால் அந்த நொடியே எழும்பிப் போகத் தயாராக, ஒவ்வொரு நாளும் பயிற்சி செய்ய வேண்டும். 17 வயதில் தொடங்கி 28 வயது வரை ஒரு பெண் அதைச் செய்தார் என்பதை நினைத்தால் எனக்குப் பெரும் மரியாதை வருகிறது.

2007 தொடக்கத்தில் ரொட்டன்பேர்க்கின் முழங்கால் தசைநார் அறுந்தது. அந்த வருட செப்டெம்பரில் சீனாவில் உலகக் கிண்ணம். முதலாம் இலக்கம் அங்கரரிடம் வந்தது. ரொட்டன்பேர்க் குணமாகி அணியோடு சீனாவுக்குப் போனார், ஆனால் இப்போது வாங்கில் இருந்தது அவர். இரண்டு பெண்கள் இடம் மாறிக்கொண்டார்கள்.

முதல் ஆட்டம் ஷாங்காயில், ஆர்ஜென்டினாவுக்கு எதிராக 11-0. அப்படிப்பட்ட ஆட்டத்தில் காப்பாளருக்குச் செய்ய ஒன்றும் இருக்காது என்று முன்பு நினைத்திருப்பேன். இப்போது தெரியும், அதுதான் கடினம். எண்பது நிமிடம் சும்மா நின்ற கைக்கு எண்பத்தோராவது நிமிடத்தில் ஒரு பந்து வரும். பிறகு இங்கிலாந்தோடு 0-0, ஜப்பானோடு 2-0, வடகொரியாவோடு 3-0, நோர்வேயோடு 3-0. செப்டெம்பர் 30, இறுதி ஆட்டம், எதிரே பிரேசில். 52ஆவது நிமிடத்தில் பிர்கிட் பிரின்ஸ் கோல் அடித்து ஜேர்மனி 1-0 என்று முன்னிலையில் இருக்கும்போது பிரேசிலுக்குத் தண்ட உதை கிடைத்தது. உதைக்க வந்தது மார்த்தா. அந்தத் தொடரில் யாராலும் தடுக்க முடியாதவராக இருந்த மார்த்தா. அங்கரர் பாய்ந்து தடுத்தார். கடைசியில் சிமோன லவுடர் இன்னொரு கோல் போட்டு 2-0.

ஆறு ஆட்டம், 540 நிமிடம், ஜேர்மனி அடித்தது 21, வாங்கியது ஒன்றுமில்லை. உலகக் கிண்ணத்தில் தொடர்ந்து அதிக நேரம் கோல் வாங்காமல் நின்றதில் இத்தாலியின் வோல்டர் செங்கா 1990இல் வைத்த 517 நிமிடச் சாதனையும் அதோடு போனது. ஒரு கோலும் வாங்காமல் உலகக் கிண்ணத்தை வென்ற முதல் அணி அதுதான்.

அந்த இறுதி ஆட்டத்தை மகளோடு பார்த்தேன். தண்ட உதை தடுக்கப்பட்டதும் நான் கத்திவிட்டேன். 18 வருடத்துக்கு முன் முடிந்த ஆட்டம், முடிவு தெரிந்த ஆட்டம். மகள் கத்தவில்லை. மார்த்தா ஓடி வரும்போது அங்கரர் எவ்வளவு நேரம் அசையாமல் நின்றார் என்பதை நிறுத்தி நிறுத்திப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

தண்ட உதை 11 மீற்றரிலிருந்து. கோல் 7.32 மீற்றர் அகலம், 2.44 மீற்றர் உயரம். பலமாக உதைத்தால் பந்து வந்து சேர அரை வினாடிகூட எடுக்காது. பந்தைப் பார்த்த பிறகு பாய்ந்தால் மூலைக்குப் போய்ச் சேர முடியாது. முந்திப் பாய்ந்தால் உதைப்பவர் பார்த்துவிட்டு மற்றப் பக்கம் தட்டிவிடுவார். ஆகவே காப்பாளர் பந்தை விட்டு ஆளைப் படிக்கிறார்: இடுப்பு எங்கே திரும்புகிறது, ஊன்றும் கால் எங்கே பார்க்கிறது, ஓட்டம் எங்கே தயங்குகிறது. 2019இல் விதியும் திருத்தப்பட்டது. உதைக்கும் கணத்தில் காப்பாளரின் ஒரு பாதத்தின் ஒரு பகுதியாவது கோட்டில் இருந்தாக வேண்டும். அந்த வருடப் பெண்கள் உலகக் கிண்ணத்தில் ஒளிப்பதிவைப் பார்த்துக் கோட்டை விட்டு வந்ததாகக் காப்பாளர்கள் பிடிபட்டதும், தடுத்த உதைகள் மறுபடி உதைக்கப்பட்டதும் பார்க்கவே வயிற்றைப் பிசைந்தது. இன்றைக்கு ஒரு காப்பாளர் பயிற்றுநர் பாய்வதோடு நிறுத்த முடியாது. பின்காலைக் கோட்டில் விட்டுவிட்டுப் பாயப் பழக்க வேண்டும்.

நான் எழுத வந்தது அங்கரரைப் பற்றி. ஆனால் 2013 ஐரோப்பியக் கிண்ணத்தைப் பற்றிச் சொல்லும்போது டென்மார்க்கின் ஸ்டீனா லூக்கே பீற்றர்சனை விட்டுவிட்டுப் போக எனக்கு மனமில்லை. அந்தத் தொடர் சுவீடனில் நடந்தது. தொடக்க ஆட்டம் கோதன்பேர்க்கில், சுவீடனும் டென்மார்க்கும். போட்டி நடத்தும் நாட்டுக்கு இரண்டு தண்ட உதைகள் கிடைத்தன. ஒன்றை கொசோவாரே அஸ்லானி உதைத்தார், மற்றதை லொத்தா ஷெலின். இரண்டையும் பீற்றர்சன் தடுத்தார். சொந்த நாட்டில் கோல்டிங் நகரக் கழகத்தின் காப்பாளர். அந்த ஒரு மாலையில் ஐரோப்பா முழுக்க அவர் பெயர் தெரிந்துவிட்டது. ஆட்டம் 1-1. அடுத்த இரண்டு ஆட்டங்களிலும் டென்மார்க் வெல்லவில்லை. ரஷ்யாவும் டென்மார்க்கும் சமமான புள்ளிகளோடு நிற்க, யார் காலிறுதிக்குப் போவது என்பதைச் சீட்டுக் குலுக்கித் தீர்மானித்தார்கள். டென்மார்க்குக்கு விழுந்தது. அப்படி வந்தவர்கள் காலிறுதியில் பலமான பிரான்ஸ் அணியைத் தண்ட உதைகளில் 4-2 என்று வீழ்த்தினார்கள். அரையிறுதியில் நோர்வே. மறுபடி 1-1, மறுபடி தண்ட உதைகள், இந்தத் தடவை 4-2 என்று நோர்வே வென்றது.

நான்கு வருடம் கழித்து, 2017இல், அதே பீற்றர்சன் டென்மார்க்கின் கோலில் நிற்க, ஜேர்மனியை 2-1 என்று வென்றார்கள். 1995 முதல் தொடர்ந்து ஆறு தடவை ஐரோப்பியக் கிண்ணத்தை வைத்திருந்த ஜேர்மனியின் கையிலிருந்து அது நழுவியது அன்றுதான். அரையிறுதியில் ஒஸ்ரியாவோடு 0-0. தண்ட உதைகளில் ஒஸ்ரியாவால் ஒன்றைக்கூட வலைக்குள் போட முடியவில்லை, 3-0. இறுதியில் நெதர்லாந்திடம் 4-2 என்று தோற்றார்கள். அந்த வருட ஒக்டோபரிலேயே அதே டேனிஷ் வீராங்கனைகள் ஒப்பந்தத் தகராறில் தங்கள் சங்கத்தோடு நின்று பிடித்தார்கள். சுவீடனுக்கு எதிரான உலகக் கிண்ணத் தகுதிகாண் ஆட்டம் நடக்கவே இல்லை, சுவீடனுக்கு 3-0 என்று எழுதப்பட்டது. ஐரோப்பாவின் இறுதி ஆட்டத்தில் ஆடி மூன்று மாதம்கூட ஆகாத பெண்கள், தங்கள் வேலைக்குரிய மரியாதைக்காக ஓர் ஆட்டத்தையே விட்டுக்கொடுத்தார்கள். அதில் அவர்கள் பக்கம்தான் நான்.

2013க்கே திரும்புகிறேன். டென்மார்க்கைத் தண்ட உதைகளில் வென்ற நோர்வே, ஜூலை 28ஆம் தேதி ஸ்டொக்ஹோமுக்கு அருகே சோல்னாவில் ஜேர்மனியைச் சந்தித்தது. 41,301 பேர் பார்த்த ஆட்டம். 29ஆவது நிமிடத்தில் நோர்வேக்குத் தண்ட உதை. த்ரீன ரொன்னிங் உதைத்தார், அங்கரர் தடுத்தார். இடைவேளை முடிந்து வந்ததும் அன்யா மித்தாக் ஜேர்மனிக்கு ஒரு கோல் அடித்தார். 61ஆவது நிமிடத்தில் நோர்வேக்கு இன்னொரு தண்ட உதை. சுல்வைக் குல்பிரன்ட்சன் உதைத்தார், அதையும் தடுத்தார். 1-0. அந்த முழுத் தொடரிலும் ஜேர்மனி வாங்கியது ஒரே ஒரு கோல். அங்கரர் இப்போது அணித் தலைவி. இரண்டு வருடத்துக்கு முன் சொந்த மண்ணில் நடந்த உலகக் கிண்ணக் காலிறுதியில், மேலதிக நேரத்தில் ஜப்பானிடம் 1-0 என்று தோற்று வெளியேறிய அணி அது. அந்தத் தோல்விக்குப் பிறகு தலைமையை ஏற்றவர் அவர்.

2014 ஜனவரி 13, சூரிச். எங்கள் வீட்டிலிருந்து ரயிலில் ஒரு மணித்தியாலம். அங்கே பீஃபாவின் விருது விழாவில் 2013இன் உலகின் சிறந்த வீராங்கனையாக அங்கரர் பெயர் வாசிக்கப்பட்டது. அவருக்குப் பின்னால் வந்தவர்கள் அமெரிக்காவின் ஏபி வொம்பாக்கும் மார்த்தாவும். ஆண்கள் விருதை ரொனால்டோ கண்ணீரோடு வாங்கிய அதே மாலை. பீஃபாவின் அந்த விருதை ஆண்களிலோ பெண்களிலோ ஒரு பந்துக்காப்பாளர் வாங்கியது அதுவே முதல் தடவை. கோல் அடிப்பவர்களுக்கென்றே வைத்தது போன்ற ஒரு மேடையில், கோல் விழாமல் பார்த்துக்கொண்ட ஒருவர் ஏறினார். அந்த இரவில் நானும் பேர்னில்தான் இருந்தேன். ஒன்றும் தெரியாமல் நித்திரையாகியிருப்பேன்.

கடைசி உலகக் கிண்ணம் 2015, கனடா. காலிறுதியில் பிரான்ஸோடு தண்ட உதைகள், ஐந்தாவது உதையைக் கிளேர் லாவொஜேயிடமிருந்து தடுத்து ஜேர்மனியை அரையிறுதிக்குக் கொண்டுபோனார். அங்கே அமெரிக்கா 2-0 என்று நிறுத்தியது. மூன்றாம் இடத்துக்கான ஆட்டத்திலும் மேலதிக நேரத்தில் இங்கிலாந்தின் ஒரு தண்ட உதைதான் தீர்த்தது, அதை அவரால் தடுக்க முடியவில்லை. 146 ஆட்டங்களோடு தேசிய அணியை விட்டார். அப்போது அமெரிக்காவின் போர்ட்லண்ட் தோர்ன்ஸ் கழகத்தில் ஆடிக்கொண்டிருந்தார். அந்த வருடத்தோடு கழக ஆட்டத்தையும் நிறுத்தி, 2016இல் அதே கழகத்தில் பந்துக்காப்பாளர் பயிற்றுநர் ஆனார்.

எனக்கு மிக முக்கியமாகப் படுவது அவர் வாழ்க்கையின் இந்தப் பகுதிதான். இதைப் பற்றித்தான் மிகக் குறைவாக எழுதுகிறார்கள். கிண்ணங்களும் தடுத்த உதைகளும் எல்லா இடத்திலும் கிடைக்கின்றன. பயிற்றுநராக அவர் என்ன செய்தார் என்பதை அவர் பழக்கியவர்களைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும்.

போர்ட்லண்டில் அவர் கைக்கு வந்தவர் அட்ரியானா ஃபிராஞ்ச். 2017இலும் 2018இலும் அமெரிக்க லீக்கின் சிறந்த காப்பாளர் விருதை வாங்கினார். 2017இல் கழகம் கிண்ணத்தை வென்றது. 2019இல் அமெரிக்காவின் உலகக் கிண்ண அணியில் இடம் பிடித்தார். பிறகு ஃபிராஞ்ச் கன்சாஸ் சிற்றிக்குப் போக, போர்ட்லண்டின் கோலுக்கு பெல்லா பிக்ஸ்பி வந்தார். 2022 லீக்கின் இறுதி ஆட்டம் வாஷிங்டனில், போர்ட்லண்டும் கன்சாஸ் சிற்றியும். ஒரு கோலில் பிக்ஸ்பி, மற்றக் கோலில் ஃபிராஞ்ச். மைதானத்தின் இரண்டு முனையிலும் அங்கரர் பழக்கிய கைகள். போர்ட்லண்ட் 2-0 என்று வென்றது. அந்த ஆட்டத்தை யார் வென்றாலும் ஒரு பக்கத்தில் அவர் பழக்கியவர் தோற்றிருப்பார். அதை அவர் எப்படிப் பார்த்துக்கொண்டிருந்தார் என்று அடிக்கடி நினைத்திருக்கிறேன்.

பெண்கள் ஆட்டத்தில் காப்பாளர்கள் பலவீனம், கோலையே சிறிதாக்க வேண்டும் என்று கதைப்பவர்கள் இருக்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. நீண்ட காலமாகப் பல பெண்கள் அணிகளுக்குக் காப்பாளர் பயிற்றுநர் என்று ஒருவர் இருந்ததே இல்லை. மற்றப் பத்துப் பேரும் ஒன்றாகப் பயிற்சி செய்ய, காப்பாளர் ஒரு மூலையில் தனியாக நிற்பார், கடைசியில் எல்லோரும் கோலுக்கு உதைக்கும்போது கூப்பிடுவார்கள். எங்கள் பிள்ளைகளின் கழகத்திலேயே முதல் இரண்டு வருடம் அப்படித்தான். விழுந்தால் எந்தத் தோளால் விழ வேண்டும், பந்தை நெஞ்சோடு எப்படி அணைக்க வேண்டும், தனியே ஓடி வரும் ஒருத்தியின் முன் எப்போது வெளியே வர வேண்டும், கால்கள் எத்தனை சிறு அடி வைக்க வேண்டும் என்று இவளுக்கு யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. முழங்கை உரிந்து உரிந்துதான் படித்தாள். 13 வயதுப் பிள்ளைக்குத் தெரிய வேண்டியதை உலகத்துக்கே சிறந்த ஒருவர் வந்து தொழிலாகச் சொல்லிக் கொடுக்கிறார் என்பது எனக்குச் சின்ன விசயம் இல்லை.

2025 ஐரோப்பியக் கிண்ணம் சுவிஸில். தொடருக்கு முன் பெரிய கேள்வி, கோலில் எல்விரா ஹெர்ட்சோக்கா, 23 வயது லிவியா பெங்கா என்பது. பெங் என்று அறிவித்தார்கள். மகள் பெங்கின் பக்கம். ஆனால் ஹெர்ட்சோக் வாங்கில் இருப்பதைத் திரையில் காட்டும் ஒவ்வொரு முறையும் அவள் கண் அங்கேதான் போனது.

முதல் ஆட்டம் பாசலில், நோர்வேயிடம் 2-1 என்று தோல்வி. அடுத்தது பேர்னில் ஐஸ்லாந்தை 2-0. ஜெனீவாவில் பின்லாந்தோடு 1-0 என்று பின்னிலையில் நின்று, மேலதிகமாகச் சேர்த்த நிமிடங்களில் ரியோலா ஷெமாய்லி அடித்த கோலோடு 1-1. சுவிஸ் பெண்கள் முதல் தடவையாக ஐரோப்பியக் காலிறுதிக்குப் போனார்கள். எங்கள் மாடிக் கட்டிடத்தின் எல்லா யன்னலிலிருந்தும் சத்தம் வந்தது.

காலிறுதி ஜூலை 18, பேர்ன் வாங்க்டோர்ஃப் மைதானத்தில், உலகக் கிண்ணத்தை வைத்திருந்த ஸ்பெயினுக்கு எதிராக. ரிக்கெற் கிடைக்கவில்லை. வீட்டில் பார்த்தோம், தங்கச்சி குடும்பமும் வந்திருந்தது. ஒன்பதாவது நிமிடத்திலேயே ஸ்பெயினுக்குத் தண்ட உதை, மரியோனா கால்தெந்தெய் வெளியே அடித்தார். ஒரு மணித்தியாலத்துக்கு மேல் 0-0. பிறகு 66இல் அத்தெனேயா, 71இல் கிளவுடியா பினா. 2-0. தங்கச்சியின் கணவர் எழும்பிச் சாப்பாட்டைச் சூடாக்கப் போனார். 88ஆவது நிமிடத்தில் ஸ்பெயினுக்கு இரண்டாவது தண்ட உதை.

பந்தை வைத்தவர் அலெக்சியா புத்தேயாஸ், உலகின் சிறந்த வீராங்கனை விருதை இரண்டு தடவை வாங்கியவர். ஆட்டம் முடிந்த மாதிரித்தான். இந்தப் பந்து வலைக்குள் போனாலும் போகாவிட்டாலும் சுவிஸ் வெளியேதான். மகள் செற்றியை விட்டு எழும்பி ரீவிக்கு நேர் முன்னால், கால்களை அகட்டி, முழங்காலை மடக்கி நின்றாள். சின்னவன் மறைக்கிறாய் என்று கத்தினான். அவளுக்குக் கேட்கவில்லை. புத்தேயாஸ் உதைத்தார். பெங் தடுத்தார். எங்கள் வீட்டில் மகளின் சத்தம் மட்டும்தான். மற்ற எல்லோருக்கும் அது தோற்ற ஆட்டத்தின் 88ஆவது நிமிடம்.

அன்றிரவு நித்திரை வராமல் கிடந்து நான் நினைத்தது இதுதான். தோற்கப்போகும் ஆட்டத்தில் பயனில்லாத ஓர் உதையை முழு மனதோடு தடுக்க ஒருவரை எப்படிப் பழக்குவது? அதைச் சொல்லிக் கொடுக்க, பயன் வருமா என்று தெரியாமல் 11 வருடம் ஒவ்வொரு நாளும் முழு மனதோடு பயிற்சி செய்தவரை விடப் பொருத்தமானவர் யார்? ஆட்டத்துக்கு முன் முதலாமவரின் கை சூடாகும்வரை பந்து அடித்துக் கொடுப்பது எந்த அணியிலும் இரண்டாவது காப்பாளருக்கும் பங்குள்ள வேலை. இடப்பக்கம் இன்றைக்குக் கொஞ்சம் பிந்துகிறதா, உயரப் பந்தில் கண் கூசுகிறதா என்று முதலாமவளுக்கு அருகே நின்று பார்ப்பவள் இரண்டாமவள்தான். அங்கரர் 2016இல் பயிற்றுநர் ஆனார் என்று எல்லா இடத்திலும் எழுதியிருக்கிறது. நான் அதை நம்பவில்லை. அவர் இருபது வயதுக்கு முன்பே தொடங்கிவிட்டார் என்று நினைக்கிறேன். 2007க்குப் பிறகு ரொட்டன்பேர்க்கும் ஜேர்மன் சங்கத்தில் பந்துக்காப்பாளர் பயிற்றுநராகத்தான் போனார். அதுவும் எனக்கு ஆச்சரியமாக இல்லை.

ஓகஸ்டில் பள்ளி தொடங்கியபோது மகளின் பயிற்றுநரிடம் போனேன். வசந்தத்தில் கோபப்பட்டதற்கு மன்னிப்புக் கேட்டேன். அவர் அதை மறந்தேவிட்டார்.

செப்டெம்பரில் ஒரு சனிக்கிழமை காலை, இரவு மழை பெய்து புல் ஈரமாக இருந்தது. ஆட்டத்துக்கு நாற்பது நிமிடம் இருக்க மகள் பந்துப் பையை இழுத்துக்கொண்டு கோலடிக்குப் போனாள். உயரமான பிள்ளை கோலில் நின்றாள். இவள் பத்து மீற்றரில் நின்று அடித்தாள். இடப்பக்கம் நிலத்தோடு ஒன்று, வலப்பக்கம் நிலத்தோடு ஒன்று, பிறகு நெஞ்சுக்கு, பிறகு தலைக்கு மேல். இடப்பக்கம் போனது இரண்டும் கைக்குக் கீழால் போய்விட்டன. மகள் கிட்டப் போய் ஏதோ சொன்னாள், தன் வலது காலை ஒரு சாண் தள்ளி வைத்துக் காட்டினாள், திரும்பி வந்து அதே இடத்துக்கு மறுபடி அடித்தாள். மற்றவள் விழுந்து பிடித்தாள்.

அந்த நேரம் பார்த்து அம்மாவின் அழைப்பு. யாழ்ப்பாணத்தில் மத்தியானம், சாப்பிட்டு முடித்து விறாந்தையில் இருந்தார். படத்தை மைதானத்துப் பக்கம் திருப்பினேன்.

"பாருங்கோ அம்மா, அங்க நிக்கிறாள்."

"எங்க? கோலுக்குள்ள நிக்கிறது ஆர்?"

"அது மற்றப் பிள்ளை. எங்கட ஆள் பந்து அடிக்கிறாள், தெரியுதோ?"

அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு கொஞ்ச நேரம் பார்த்தார். பந்து போய் வந்துகொண்டிருந்தது.

"அந்தப் பிள்ளைக்கு இவளோ பழக்குறாள்?"

"ஓம் அம்மா."

"அப்ப அங்கேயே பிடி, நான் பார்க்கிறன்."